மூடி பூட்டிய குக்கரில் எண்ணெய் காய்ச்ச வேண்டாம்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். மின்சாரப் பிரஷர் குக்கருக்கான சமையல் குறிப்புகள் இப்போது பத்திரிகைகளிலும் கைபேசியிலும் நிறைய வருகின்றன. அநேகமாக எல்லாவற்றிலும் ‘எண்ணெய் தேவையான அளவு’ என்று ஒரு வரி இருக்கும். வாணலியில் சமைப்பவருக்கு அது போதும். மூடி பூட்டிக்கொள்ளும் பாத்திரத்துக்கு அது போதவே போதாது. எண்ணெய் எத்தனை கரண்டி, எந்தக் கட்டத்தில் ஊற்றுவது, அப்போது மூடி திறந்திருக்க வேண்டுமா, பிறகு தண்ணீர் எவ்வளவு என்று நான்கையும் எழுதாத குறிப்பு ஆபத்தான குறிப்பு. அதனால்தான் இந்தக் கடிதம்.

இங்கே தென்னாப்பிரிக்காவில் லோட்ஷெடிங் என்கிற முறைவைத்த மின்வெட்டு வந்த பிறகு இந்தக் குக்கருக்கு மவுசு கூடிவிட்டது. 2023-ல் மின்வெட்டு உச்சத்தில் இருந்தபோது, கரண்ட் இருக்கும் நேரத்துக்குள் ஆட்டுக்கறியும் ஷுகர் பீன்ஸ் என்ற காய்ந்த பீன்ஸ் வகையும் வெந்துவிட வேண்டும் என்று டர்பனின் சாட்ஸ்வொர்த்திலும் பீனிக்ஸிலும் ஜொஹானஸ்பர்க் பக்கத்து லெனேசியாவிலும் பல வீடுகளில் இதை வாங்கினார்கள். ஆறு லிட்டர் குக்கர் ஏறத்தாழ 1,000 வாட் இழுக்கும். 230 வோல்ட்டில் அது நான்கரை ஆம்பியருக்கும் குறைவு. மின்சாரம் மிச்சம், நேரம் மிச்சம். நல்ல கருவிதான். எண்ணெய் விஷயத்தில் மட்டும் அதற்கென்று தனிச் சட்டம் உண்டு.

காரணத்தை முதலில் சொல்லிவிடுகிறேன். டர்பன் போன்ற கடற்கரை ஊரில் தண்ணீர் 100 டிகிரியில் கொதிக்கும். மூடி பூட்டிய குக்கருக்குள் வெளிக்காற்றைவிட 70 முதல் 80 கிலோபாஸ்கல் வரை அழுத்தம் கூடுவதால், தண்ணீர் 115, 117 டிகிரியில் கொதிக்கும். உள்ளே தண்ணீர் இருக்கும்வரை வெப்பம் அதற்கு மேல் பெரிதாக ஏறாது. ஏறுகிற சூடெல்லாம் நீராவியாக மாறும், நீராவி அழுத்தத்தைக் கூட்டும், அழுத்தத்தை உணரும் சுவிட்ச் ஹீட்டரை அணைக்கும். குக்கரின் பாதுகாப்பு முழுக்க இந்தச் சங்கிலியில்தான் இருக்கிறது.

எண்ணெய் இந்தச் சங்கிலியில் சேராது. அது ஆவியாகாது, அழுத்தத்தைக் கூட்டாது. ஆகவே அழுத்தச் சுவிட்சுக்கு உள்ளே நடப்பது தெரியவே தெரியாது. எண்ணெய் 150, 180, 200 என்று ஏறிக்கொண்டே போகும். மிஞ்சுவது அடித்தட்டின் நடுவில் இருக்கும் வெப்ப சென்சாரும், சூடு மீறினால் மின்சாரத்தைத் துண்டிக்கும் கடைசிக் காவலான தெர்மல் ஃபியூஸும்தான். அந்த நேரத்தில் ஈரமுள்ள கோழித் துண்டோ உருளைக்கிழங்கோ எண்ணெயில் கிடந்தால், அதிலுள்ள தண்ணீர் ஒரே நொடியில் ஆவியாகும். தண்ணீர் ஆவியானால் அதன் கன அளவு ஏறத்தாழ 1,700 மடங்காகும். எண்ணெய் நுரைத்து மேலே பொங்கி, மூடியில் இருக்கும் வால்வைத் தேடிப் போகும். மூடியின் உள்விளிம்பில் இருக்கும் சிலிக்கோன் வளையமான கேஸ்கெட் நீராவிக்காக அளவெடுத்துச் செய்தது. 180 டிகிரி எண்ணெயை அழுத்தத்தோடு தாங்கி நிற்பது அதன் வேலை இல்லை. அது ஓர் இடத்தில் நழுவினாலும் வெளியே வருவது ஆவியாக இராது, பீய்ச்சும் எண்ணெயாக இருக்கும்.

1939-லேயே அமெரிக்காவில் கே.எஃப்.சி. நிறுவனர் ஹார்லண்ட் சாண்டர்ஸ் பிரஷர் குக்கரில் கோழி பொரித்தாரே என்று கேட்பவர்கள் உண்டு. உண்மைதான். ஆனால் அந்தத் தொழில் வளர்ந்ததும் அதற்கென்றே பிரஷர் ஃபிரையர் என்ற தனி இயந்திரம் வந்துவிட்டது. மூடியை இறுக்கும் கொண்டி, கேஸ்கெட், அழுத்தமானி, எண்ணெயின் வெப்பத்தை நேரடியாக அளக்கும் தெர்மோஸ்டாட் எல்லாம் அதில் வேறு. வீட்டுக் குக்கரோடு வரும் கையேட்டில் பிரஷரில் எண்ணெய் வைத்துப் பொரிக்கக் கூடாது என்று எச்சரிக்கை இருக்கும். அந்தப் பக்கத்தைப் புரட்டாமலே கையேடு அலமாரிக்குப் போய்விடுகிறது.

சரி, மூடியைத் திறந்து வைத்துப் பொரித்தால்? புரட்டாசி வந்தாலும், ஈஸ்டர் நாட்களில் டர்பன் பக்கத்து இசிபிங்கோ மாரியம்மன் கோயில் திருவிழா வந்தாலும் வீடுகளில் வடை சுடும் வேலை மலைபோல் இருக்கும். குக்கரின் பாத்திரம் ஆழமாக இருக்கிறதே, அரை லிட்டர் எண்ணெய் ஊற்றி, வதக்குவதற்கென்று இருக்கும் சாட்டே (Sauté) பொத்தானில் வைத்துவிடலாமே என்று யோசனை எழுவது இயல்பு. அதுவும் வேண்டாம். சென்சார் அளப்பது பாத்திரத்தின் அடியை, எண்ணெயை அல்ல. வடைக்கு வேண்டிய 170, 180 டிகிரியில் எண்ணெய் நிலையாக நிற்காது. அதைவிடப் பெரிய கெடுதல் ஒன்று இருக்கிறது. ஈர மாவு விழுந்ததும் எண்ணெய் நுரைத்து விளிம்பைத் தாண்டினால், உள்பாத்திரத்துக்கும் வெளிக்கூட்டுக்கும் நடுவே இருக்கும் இடுக்கில் இறங்கும். இறங்குகிற இடம் நேராக ஹீட்டர் தட்டு. அதன் கீழே வயர்கள். அடுப்பில் வாணலி பொங்கினால் கண்ணுக்குத் தெரியும், கைக்கு எட்டும். இங்கே தீ கூட்டுக்குள்ளே பிடிக்கும். வடைக்கும், பிரியாணிக்குப் பொரிக்கும் வெங்காயத்துக்கும் உருளைக்கிழங்குக்கும் வாணலியே சரி.

இனி எண்ணெயை எப்படிப் பயன்படுத்துவது என்பதற்கு வருகிறேன். ஆறு லிட்டர் குக்கரில் ஒரு கிலோ ஆட்டுக்கறிக் குழம்பை எடுத்துக்கொள்வோம்.

உள்பாத்திரத்தின் வெளி அடிப்பக்கத்தை உலர்ந்த துணியால் துடைத்து உள்ளே வையுங்கள். அங்கே ஒரு சொட்டு எண்ணெயோ ஒரு பருக்கையோ ஒட்டியிருந்தாலும் அடி தட்டில் சரியாகப் படியாது, சென்சாரும் தவறாக அளக்கும். மூடியை மேசைமேல் வைத்துவிட்டு சாட்டே பொத்தானை நடுநிலையில் அழுத்துங்கள். பாத்திரம் சூடாகிவிட்டது என்று திரை காட்டிய பிறகு சூரியகாந்தி எண்ணெய் 2 மேசைக்கரண்டி, அதாவது 30 மில்லி. கறியில் கொழுப்பு நிறைய இருந்தால் ஒன்றே போதும். அடி வட்டத்தை எண்ணெய் மெல்லிய படலமாக மூடினால் அளவு சரி. குளம் கட்டினால் அதிகம்.

நடுநிலை என்று சொன்னதற்குக் காரணம் இருக்கிறது. பரவலாக விற்கும் ஒரு வகைக் குக்கரில் சாட்டேயின் குறைந்த நிலை 135 முதல் 150 டிகிரி, நடுநிலை 160 முதல் 176, உயர்நிலை 175 முதல் 210 வரை போகும். சுத்திகரித்த சூரியகாந்தி எண்ணெய் 230 டிகிரி வாக்கில்தான் புகையும், நெய் அதற்கும் கொஞ்சம் மேலே. செக்கில் ஆட்டிய நல்லெண்ணெயும் சுத்திகரிக்காத தேங்காய் எண்ணெயும் 175 டிகிரிக்கே புகையத் தொடங்கும். வெண்ணெய் 150-க்கே கருகும். நல்லெண்ணெய் வாசம் வேண்டும் என்பவர்கள் சூரியகாந்தியில் தாளித்துவிட்டு, குழம்பு இறக்கும்போது மேலே ஒரு தேக்கரண்டி நல்லெண்ணெய் விட்டுக்கொள்ளலாம். ருசிக்கும் அதுதான் நல்லது.

கடுகு போட்டதும் பாத்திரத்துக்கு நேர் மேலே முகத்தை நீட்டிப் பார்க்காதீர்கள். பாத்திரம் ஆழமாக இருப்பதால் தெறிப்பது பக்கவாட்டில் போகாது, நேராக மேலே வரும். கறிவேப்பிலையைக் கழுவிய கையோடு போடாமல் துணியில் ஒற்றிவிட்டுப் போடுங்கள். இறைச்சியும் அப்படித்தான். வெங்காயம் நிறம் மாறி, இஞ்சி பூண்டின் பச்சை வாடை போனதும், மசாலாத் தூள் போடுவதற்கு முன்னால் கேன்சல் பொத்தானை அழுத்திவிடுங்கள். டர்பன் மசாலாவில் மிளகாய்த்தூள் தூக்கலாக இருக்கும். சூடான எண்ணெயில் சில நொடிகளில் கருகிவிடும். பாத்திரத்தில் தங்கியிருக்கும் சூடே மசாலாவை வதக்கப் போதும். கூடவே இரண்டு மேசைக்கரண்டி தண்ணீர் தெளித்தால் கருகவே கருகாது. பிறகு கறியைப் போட்டு, மறுபடி சாட்டேயில் நான்கைந்து நிமிடம் பிரட்டுங்கள்.

அடுத்தது பலரும் தவறவிடும் கட்டம். 250 முதல் 375 மில்லி வெந்நீர் ஊற்றி, மரக்கரண்டியால் அடி முழுவதையும் சுரண்டுங்கள். ஒட்டிய வெங்காயமும் மசாலாவும் கரைந்து மேலே வர வேண்டும். கரண்டியை அடியில் இழுத்தால் சொரசொரப்பு தட்டக் கூடாது. அடியில் எண்ணெயும் மசாலாவும் பசையாக ஒட்டிக் கிடந்தால் தண்ணீர் அங்கே போய்ச் சேராது. அந்த இடம் மட்டும் சூடேறி, சென்சார் அதை உணர்ந்து திரையில் ‘பர்ன்’ (Burn, கருகுகிறது) என்று காட்டி நின்றுவிடும். குக்கர் பழுது என்று கடைக்குத் தூக்கிக்கொண்டு போவார்கள். பழுது குக்கரில் இல்லை. தக்காளியைக் கடைசியில் மேலாகப் பரப்பிவிட்டு, கிளறாமல் மூடுங்கள். அதிலிருக்கும் சர்க்கரையும் கூழும் அடிக்குப் போனால் ஒட்டும்.

தண்ணீர் அளவைப் பற்றி அழுத்திச் சொல்ல வேண்டும். ஆறு லிட்டர் பாத்திரத்துக்குக் குறைந்தது ஒரு கப், எட்டு லிட்டருக்கு இரண்டு கப் திரவம் என்று கையேடு சொன்னால், அந்தக் கணக்கில் எண்ணெயைச் சேர்க்கக் கூடாது. அரை கப் எண்ணெயும் அரை கப் தண்ணீரும் ஒரு கப் ஆகாது. நீராவி தருவது அந்த அரை கப் தண்ணீர் மட்டுமே. கெட்டியாக இருக்கும் தேங்காய்ப்பால், தயிர், தக்காளி விழுது எதையும் தண்ணீர்க் கணக்கில் நம்ப வேண்டாம். மூடி பூட்டும் நேரத்தில் பாத்திரத்தில் மொத்தம் இருக்கும் எண்ணெயோ நெய்யோ கால் கப்பைத் தாண்டக் கூடாது. அதாவது ஏறத்தாழ 60 மில்லி. அதற்கு மேல் வேண்டியிருந்தால் அந்தச் சமையல் இந்தப் பாத்திரத்துக்கு உரியது அல்ல.

ஆட்டுக்கறி முற்றலாக இருந்தால் பிரஷரில் 30 நிமிடம், இளங்கறிக்கு 20. உருளைக்கிழங்கை முதலிலேயே போட்டால் கரைந்துவிடும். திறந்த பிறகு சேர்த்து மறுபடி 5 நிமிடம் வைத்தால் குழம்பை உறிஞ்சிக்கொண்டு முழுசாக நிற்கும். ஜொஹானஸ்பர்க், லெனேசியா வாசகர்கள் இந்த நேரங்களோடு ஐந்தில் ஒரு பங்கு கூட்டிக்கொள்ளுங்கள். கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 1,750 மீட்டர் உயரத்தில் தண்ணீர் 94 டிகிரியிலேயே கொதிக்கும். குக்கருக்குள்ளும் டர்பனைவிட மூன்று டிகிரி குறைவாகத்தான் இருக்கும். கறி வேகவில்லையே என்று எண்ணெயைக் கூட்டுவதில் பயனில்லை. நேரத்தைக் கூட்டுங்கள்.

திறக்கும் நேரம்தான் கை சுடும் நேரம். கொழுப்புள்ள குழம்பில் எண்ணெய் மேலே கெட்டியான படலமாக மிதக்கும். அதன் கீழே 115 டிகிரியில் தண்ணீர் அடைபட்டுக் கிடக்கும். நீங்கள் வால்வைச் சட்டென்று திறந்தால் அழுத்தம் விழுந்து, கீழே இருக்கும் தண்ணீர் முழுதும் ஒரே சமயத்தில் கொதித்து எழும்பும். மேலே இருக்கும் எண்ணெயையும் நுரையையும் சேர்த்துத் தள்ளிக்கொண்டு வால்வு வழியே சுவர்வரை பீய்ச்சும். ஆகவே ஆட்டுக்கறி, ஆட்டுக்கால் குழம்பு, குடல், எண்ணெய் விட்ட பருப்பு இவற்றுக்கெல்லாம் வால்வைத் தொடாமல் குறைந்தது 15 நிமிடம் விடுங்கள். ஆட்டுக்கால் குழம்புக்கு, உள்ளே அழுத்தம் இருப்பதைக் காட்டும் மூடியிலுள்ள சிறு ‘பின்’ (pin) தானாகக் கீழே விழும்வரை காத்திருப்பதே நல்லது. அரை மணி நேரம் ஆனாலும் ஆகட்டும். அந்தப் ‘பின்’ விழுந்த பிறகும் உடனே மூடியைத் திருப்ப வேண்டாம். குக்கரின் இரு கைப்பிடிகளையும் பிடித்து மெல்ல ஓர் அசைவு கொடுத்து, ஒரு நிமிடம் கழித்து, மூடியின் பின்பக்கத்தை முதலில் தூக்கி, ஆவி உங்களுக்கு எதிர்ப்பக்கம் போகும்படி திறங்கள். எண்ணெய்ப் படலத்தின் கீழே சிறைப்பட்ட ஆவிக்குமிழி, கரண்டி விட்டதும் வெடித்துத் தெறிப்பது இந்த ஓர் அசைவில் நின்றுவிடும்.

எண்ணெய் நன்மை செய்யும் இடமும் உண்டு. ஷுகர் பீன்ஸ், பருப்பு, சாம்ப் (உடைத்த மக்காச்சோளம்) போன்றவை வேகும்போது மாவும் புரதமும் நுரையாகப் பொங்கி வால்வை அடைக்கும். பாத்திரத்தைப் பாதி அளவுக்கு மேல் நிரப்பாமல், ஒரு தேக்கரண்டி எண்ணெய் விட்டால் நுரை அடங்கும். பீன்ஸை முந்தின இரவே ஊறவைத்து, ஊறிய தண்ணீரைக் கொட்டிவிட்டு வேகவைத்தால் இன்னும் நல்லது. மற்ற உணவுகளுக்கு மூன்றில் இரண்டு பங்கு வரை நிரப்பலாம்.

கரண்ட் போனால் என்ன செய்வது என்பது எங்கள் ஊருக்கே உரிய கேள்வி. சாட்டேயில் எண்ணெய் காய்ந்துகொண்டிருக்கும்போது போனால், உடனே சுவர் சுவிட்சை அணையுங்கள். கரண்ட் திரும்பியதும் சில குக்கர்கள் சும்மா நிற்கும். சில, குறிப்பாக முறுக்கும் டைமர் உள்ளவை, விட்ட இடத்திலிருந்து தொடரும். நீங்கள் வேறு அறையில் இருக்கும்போது வெறும் எண்ணெய் தானாகக் காய்வது அப்படித்தான். பிரஷரில் இருக்கும்போது போனால் பயமில்லை. மூடியைத் தொடாமல் விடுங்கள். அழுத்தம் தானாக இறங்கும். ‘பின்’ விழாதவரை மூடி திறக்காது, திறக்க முயலவும் கூடாது.

கழுவுவதில் ஒரு பழக்கத்தை விட வேண்டும். அடுப்புக் குக்கர் காலத்தில் மூடி இறுக்கமாக இருந்தால் ரப்பரில் எண்ணெய் தடவுவார்கள். சிலிக்கோன் கேஸ்கெட்டில், கையேடு சொன்னாலன்றி, எண்ணெய் தடவாதீர்கள். ஒவ்வொரு சூட்டிலும் அந்த எண்ணெய் பிசின்போல் இறுகி, வெங்காயத் துணுக்கும் மஞ்சள்தூளும் அதில் ஒட்டி, ஒரு பக்கமாக ஆவி கசியும். மூடியின் உட்புறம் வால்வு வாயில் இருக்கும் சிறு உலோக மூடியைக் கழற்றிப் பாருங்கள். கொழுப்புக் குழம்பு செய்யும் வீடுகளில் அதற்குள் பழுப்பு நிறத்தில் பசை அப்பியிருக்கும். நீராவி வெளியேற இருக்கிற ஒரே வழி அது. கேஸ்கெட், அந்த உலோக மூடி, பின்னின் அடியில் இருக்கும் சிறு சிலிக்கோன் தொப்பி மூன்றையும் ஒவ்வொரு முறையும் வெந்நீரும் சோப்பும் போட்டுக் கழுவிக் காயவையுங்கள். கேஸ்கெட்டை ஒரு வருடம், மிஞ்சிப்போனால் ஒன்றரை வருடத்தில் மாற்றிவிடுங்கள். விரிசலோ தளர்வோ கண்டால் அன்றைக்கே.

வெளிக்கூட்டுக்குள் எண்ணெய் சிந்தினால் பிளக்கைக் கழற்றி, முழுக்க ஆறிய பிறகு, சோப்பு தொட்ட ஈரத்துணியால் ஹீட்டர் தட்டைத் துடையுங்கள். நடுவில் இருக்கும் சென்சாரை விரலால் அழுத்தினால் ஸ்பிரிங் உள்ளே போய்த் திரும்ப எழ வேண்டும். எண்ணெய்ப் பிசுக்கால் அது உள்ளேயே சிக்கிக்கொண்டால் சூட்டை அளக்காது. அப்படியானால் பழுதுபார்ப்பவரிடம் கொண்டு போங்கள். அதுவரை பயன்படுத்த வேண்டாம்.

ஊறுகாய் போடுகிறவர்களுக்கும் ஒரு வார்த்தை. எண்ணெயில் ஊறிய பூண்டையோ காய்கறியையோ பாட்டிலில் அடைத்து, இந்தக் குக்கரில் வேகவைத்துக் கெடாமல் செய்துவிடலாம் என்று நினைக்கக் கூடாது. காற்றுப் புகாத எண்ணெய்க்குள் வளரும் போட்டுலிசம் கிருமியின் வித்துகளை அழிக்க 121 டிகிரி அளவுக்குச் சூடு உணவின் உள்வரை இறங்க வேண்டும். வீட்டு மின்குக்கர்கள் பெரும்பாலும் அதை எட்டுவதில்லை. நம் ஊறுகாயைக் காப்பது வினிகரும் உப்பும்தான்.

எண்ணெய் புகையத் தொடங்கினால் கேன்சல் அழுத்தி, சுவர் சுவிட்சை அணைத்து, பாத்திரத்தை அசைக்காமல் அப்படியே விடுங்கள். தீப்பிடித்தால் தட்டையான உலோகத் தட்டு ஒன்றால் வாயை மூடுங்கள். குக்கரின் மூடியைப் போட்டுப் பூட்டக் கூடாது, தண்ணீர் ஒரு சொட்டும் ஊற்றக் கூடாது. தோலில் எண்ணெய் பட்டால் குழாய்த் தண்ணீரின் கீழே 20 நிமிடம் பிடியுங்கள். மோதிரம், வளையல் இருந்தால் வீங்குவதற்கு முன் கழற்றுங்கள். பற்பசை, வெண்ணெய், மஞ்சள் எதுவும் தடவ வேண்டாம். முகத்திலோ, கையளவுக்கு மேலோ, குழந்தைக்கோ பட்டால் ஆம்புலன்ஸுக்கு 10177, கைபேசியிலிருந்து 112.

ஆசிரியர் அவர்களிடம் ஒரு வேண்டுகோள். உங்கள் சமையல் பக்கத்தில் மின்குக்கர் குறிப்பு எதை வெளியிட்டாலும் எண்ணெயை மேசைக்கரண்டிக் கணக்கிலும், தண்ணீரை மில்லிக் கணக்கிலும் தனித்தனி வரியில் போடுங்கள். தாளிக்கும் இடத்தில் ‘மூடி திறந்த நிலையில்’ என்றும், முடிவில் எத்தனை நிமிடம் கழித்து வால்வைத் தொடலாம் என்றும் சேர்த்து அச்சிடுங்கள். அளவு எழுதாமல் வரும் குறிப்பை அனுப்பியவரிடமே திருப்பிக் கேட்டு வாங்கி வெளியிட வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
மின் சமையல் கருவிகள் பழுதுபார்க்கும் வாசகர் ஒருவர்,
சாட்ஸ்வொர்த், டர்பன்.